ஏலக்காய் எல்லை தாண்டலாம், மனிதன் தாண்டக் கூடாதா?



'தெற்காசியா' என்று ஒரு சொல் இருக்கிறது. பாடப் புத்தகத்திலும் மாநாட்டுப் பதாகையிலும் அது இருக்கிறது. நம் வாயில்தான் இல்லை. இந்தியா, பாகிஸ்தான், பங்களாதேஷ், இலங்கை, நேபாளம், பூட்டான், மாலத்தீவு, ஆப்கானிஸ்தான் ஆகிய எட்டு நாடுகளும் ஒரே பிராந்தியம், இவற்றில் வாழும் மக்கள் ஒருவருக்கொருவர் அண்டை வீட்டார் என்பதே அந்தச் சொல்லின் பொருள். போடிநாயக்கனூரில் ஏலக்காய் மூட்டை தைப்பவருக்கும் குரங்கணியில் காப்பி பறிப்பவருக்கும் இதனால் ஆவது என்ன என்று கேட்பவர்கள் உண்டு. ஆவது நிறைய இருக்கிறது. பொறுமையாகப் படியுங்கள்.

அண்டை நாட்டு மக்களும் நாமும் ஒரே மண்ணின் பிள்ளைகள் என்று ஒரு முஸ்லிம் பேசினால் உடனே இரண்டு குரல்கள் எழுகின்றன. "அப்படியானால் அங்கேயே போய் விடு" என்பது முதல் குரல். நம் இளைஞர்களில் சிலர் எழுப்பும் குரல் இரண்டாவது: "எங்களுக்கு நாடும் வேண்டாம், பிராந்தியமும் வேண்டாம். நாங்கள் ஒரே உம்மத்." முதல் குரல் அண்டை வீட்டுக்காரனை விரோதி ஆக்குகிறது. இரண்டாவது குரல் அவன் முஸ்லிமாக இருந்தால் மட்டும் கண்டு கொள்கிறது. இரண்டுமே அண்டை வீட்டாரின் உரிமையை மறந்த குரல்கள்தாம். பக்கத்து வீட்டுக்காரன் பசித்திருக்கத் தான் மட்டும் வயிறு நிறைய உண்பவனை நம் மார்க்கம் எந்த இடத்தில் வைத்திருக்கிறது என்பதை நீங்கள் அறிவீர்கள். அவன் கலிமா சொன்னவனா என்று விசாரித்த பிறகு உதவு என்று எங்காவது சொல்லப்பட்டிருக்கிறதா?

மூட்டைக்குள் இருக்கும் பிராந்தியம்

வியாபாரிகளே! உங்கள் கடையிலிருந்தே தொடங்குவோம்.

நம் மலையில் விளைவது சிறிய ஏலக்காய். நேபாளத்திலும் சிக்கிமிலும் பூட்டானிலும் விளைவது பெரிய ஏலக்காய். நேபாளத்துக் காய் சிலிகுரிச் சந்தைக்கு இறங்கி, அங்கிருந்து டெல்லிக்குப் போய், அதற்கும் மேற்கே போகிறது. லாகூர் பிரியாணியில் மணப்பது இமயமலைக் காய்தான். கொழும்பு, கண்டி மிளகு நம் சந்தைக்கு வருகிறது. 1998 டிசம்பரில் இந்தியாவும் இலங்கையும் தடையற்ற வர்த்தக ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. 2000ஆம் ஆண்டு அது நடைமுறைக்கு வந்தது. அதன்படி ஆண்டுக்கு 2,500 டன் இலங்கை மிளகு வரியில்லாமல் இந்தியாவுக்குள் வரலாம். ஆக, மூட்டைகள் தெற்காசிய அடையாளத்தை எப்போதோ ஏற்றுக் கொண்டு விட்டன. மனிதர்கள்தாம் இன்னும் ஏற்கவில்லை.

உலக வங்கி 2018இல் வெளியிட்ட அறிக்கை என்ன சொல்கிறது? தெற்காசிய நாடுகள் செய்யும் மொத்த வியாபாரத்தில் தங்களுக்குள் செய்து கொள்வது நூற்றுக்கு 5 பங்குதான். தென்கிழக்காசிய நாடுகள் தங்களுக்குள் செய்து கொள்வது நூற்றுக்கு 25 பங்கு. அவர்கள் மட்டும் ஒரே மதமா? ஒரே மொழியா? இந்தோனேசியா முஸ்லிம்கள் நிறைந்த நாடு. தாய்லாந்து பௌத்த நாடு. பிலிப்பைன்ஸ் கத்தோலிக்க நாடு. வியட்நாமை ஆள்வது கம்யூனிஸ்ட் கட்சி. ஒன்றுக்கொன்று பொருந்தாத நான்கு பேரும் சேர்ந்து சந்தை கட்டினார்கள். ஒரே பருவமழையில் நனைந்து, ஒரே வெள்ளைக்காரனிடம் அடிபட்டு, ஒரே சோற்றை உண்ணும் நாம் கட்டியது என்ன? முள்வேலி!

பூட்டிக் கிடக்கும் பொது வீடு

நமக்கும் ஒரு பொது வீடு கட்டப்பட்டது. அதன் பெயர் சார்க். பங்களாதேஷ் ஜனாதிபதி ஜியாவுர் ரஹ்மான் 1980இல் இந்த யோசனையை முன் வைத்தார். வீடு எழும்பும் முன்பே 1981இல் அவர் கொல்லப்பட்டார். 1985 டிசம்பர் 8ஆம் நாள் டாக்காவில் ஏழு நாடுகளின் தலைவர்கள் கூடிச் சாசனத்தில் கையெழுத்திட்டார்கள். 2007இல் ஆப்கானிஸ்தான் எட்டாவதாகச் சேர்ந்தது. தலைமைச் செயலகம் காட்மாண்டுவில் இருக்கிறது.

அந்தச் சாசனத்தில் இரண்டு விதிகளைக் கவனியுங்கள். எல்லா முடிவும் ஒருமனதாக எடுக்கப்பட வேண்டும் என்பது ஒன்று. இரு நாடுகளுக்கு இடையிலான சச்சரவுகளை அங்கே பேசக் கூடாது என்பது மற்றொன்று. இது என்ன கூத்து! அண்ணன் தம்பிக்குள் வரப்புத் தகராறு. பஞ்சாயத்துக் கூடுகிறது. வரப்பைப் பற்றி மட்டும் பேசக் கூடாது, மற்றதெல்லாம் பேசலாம் என்றால் அந்தப் பஞ்சாயத்து எதற்கு? ஒருவர் வரவில்லை என்றால் பஞ்சாயத்தே கிடையாது என்றும் சேர்த்துக் கொண்டால் அது உருப்படுமா?

நடந்தது அதுதான். கடைசி உச்சி மாநாடு 2014 நவம்பரில் காட்மாண்டுவில் நடந்தது. 2016இல் இஸ்லாமாபாதில் நடக்க இருந்த மாநாடு, உரி ராணுவ முகாம் தாக்குதலுக்குப் பிறகு கைவிடப்பட்டது. 2019 பிப்ரவரியில் புல்வாமா தாக்குதலுக்குப் பிறகு பாகிஸ்தான் சரக்குக்கு 200 சதவீத வரி விதித்தது இந்தியா. அதே ஆகஸ்டில் காஷ்மீரின் தனி அந்தஸ்து நீக்கப்பட்டதும் இந்தியாவுடன் வியாபாரத்தையே நிறுத்தியது பாகிஸ்தான். 2025 ஏப்ரல் 22இல் பஹல்காமில் 26 பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அடாரி வாசல் அடைக்கப்பட்டது. 1992 முதல் இருந்து வந்த சார்க் விசா சலுகையும் பாகிஸ்தானியர்களுக்கு ரத்தானது.

இங்கே ஒன்றை ஒளிவு மறைவின்றிச் சொல்லி விடுவோம். பெயரையும் மதத்தையும் கேட்டுச் சுடுகிறவன் நமக்கு எந்த வகையிலும் சொந்தக்காரன் அல்லன். பஹல்காமில் இறந்தவர்களில் குதிரை ஓட்டிப் பிழைத்த காஷ்மீர் முஸ்லிம் ஒருவரும் உண்டு. துப்பாக்கி ஏந்தியவன் அன்று 26 குடும்பங்களை அழித்தான். அத்துடன் பிரிந்து வாழும் ஆயிரக்கணக்கான குடும்பங்களின் வழியையும் அடைத்தான். கராச்சியில் அக்காளும் லக்னோவில் தங்கையுமாக இருக்கும் குடும்பங்கள் எத்தனை? அவர்கள் செய்த குற்றம் என்ன?

அறுந்து போன மூன்று கயிறுகள்

இந்தப் பிராந்தியத்தைக் கட்ட மூன்று கயிறுகளைச் சிலர் நீட்டுகிறார்கள். மூன்றையும் இழுத்துப் பார்ப்போம்.

முதல் கயிறு மதம். ஒரே மதம் என்றால் ஒரே நாடு என்றார்கள். 1952 பிப்ரவரி 21இல் டாக்காவில் தாய்மொழிக்காகத் தெருவுக்கு வந்த மாணவர்கள் சுடப்பட்டார்கள். சுட்டதும் முஸ்லிம் அரசு, விழுந்ததும் முஸ்லிம் பிள்ளைகள். 1971இல் பாகிஸ்தான் இரண்டாக உடைந்தது. ஒரே கிப்லாவை நோக்கித் தொழுதவர்களை அந்தக் கயிற்றால் கட்டி வைக்க முடிந்ததா? வங்காளியின் மொழியையும் வாக்கையும் மிதித்து விட்டு 'சகோதரா' என்று அழைத்தால் அவன் எப்படித் திரும்பிப் பார்ப்பான்?

இரண்டாவது கயிறு மொழி. தமிழால் இணைவோம் என்கிறார்கள். நல்லதுதான், நாமும் தமிழர்களே. ஆனால் 1990 அக்டோபரில் இலங்கையின் வட மாகாணத்திலிருந்து சுமார் 75,000 முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றினார்கள். யாழ்ப்பாணத்தில் அக்டோபர் 30ஆம் நாள் கொடுத்த அவகாசம் இரண்டு மணி நேரம். வெளியேற்றப்பட்டவர்கள் பேசியது என்ன மொழி? நீங்களும் நானும் பேசும் தமிழ்! அதே இலங்கையில் சிங்களப் பேரினவாதம் தமிழ் மக்களுக்குச் செய்த கொடுமைகளை நாம் மறுக்கவில்லை, மறக்கவும் மாட்டோம். ஆனால் அடிபட்டவன் தன்னிலும் எளியவனை அடித்தால் அதற்கும் பெயர் கொடுமைதான்.

மூன்றாவது கயிறு வரைபடம். அகண்ட பாரதம் என்கிறார்கள். 2023 மே மாதம் திறக்கப்பட்ட புதிய நாடாளுமன்றக் கட்டிடத்தில் ஒரு சுவர்ச் சித்திரம் இருக்கிறது. அது அசோகர் காலத்துப் பேரரசைக் காட்டுவது என்றது வெளியுறவுத் துறை. அகண்ட பாரதம் என்று புளகாங்கிதம் அடைந்தார் ஓர் அமைச்சர். நேபாளத்திலும் பாகிஸ்தானிலும் கண்டனம் எழுந்தது. பங்களாதேஷ் விளக்கம் கேட்டது. அண்டை வீட்டையும் சேர்த்துத் தன் வீட்டுப் பட்டாவில் வரைந்து கொள்கிறவனை யார்தான் உறவு என்று நம்புவார்கள்? அண்டை நாட்டு நிலம் வேண்டும், அங்கே வாழும் மனிதன் வேண்டாம்! இதற்குப் பெயரா ஒற்றுமை?

2019 டிசம்பரில் நிறைவேறிய குடியுரிமைத் திருத்தச் சட்டத்தையும் இந்த இடத்தில் வைத்துப் பாருங்கள். பாகிஸ்தான், பங்களாதேஷ், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகளிலிருந்து வந்த ஆறு மதத்தாருக்குச் சலுகை. முஸ்லிமுக்கு இல்லை. அதுவாவது நமக்குத் தெரிந்த கதை. இலங்கைத் தமிழ் இந்துவுக்கும் இல்லை! இலங்கை என்ன அண்டை நாடு இல்லையா? ராமேசுவரத்திலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கிற நாடு. தமிழ்நாட்டு முகாம்களில் அரை லட்சத்துக்கும் அதிகமான இலங்கைத் தமிழர்கள் இருக்கிறார்கள். 1983 கலவரத்துக்குப் பிறகு வந்தவர்களின் பிள்ளைகள் முகாமிலேயே பிறந்து, முகாமிலேயே மணம் முடித்து, அவர்களுக்கும் பிள்ளைகள் பிறந்து விட்டன. 2021இல் முகாமின் பெயரை 'மறுவாழ்வு முகாம்' என்று தமிழக அரசு மாற்றியது. பெயர் மாறியது நல்லதே. குடியுரிமை எப்போது வரும்? இது முஸ்லிம்களின் பிரச்சினை மட்டுமல்ல என்று நாம் சொல்லி வருவது இதனால்தான்.

நம் மலையே சாட்சி

தூரத்தில் இருக்கும் டாக்காவையும் காட்மாண்டுவையும் விடுங்கள். போடிமெட்டுக்கு வாருங்கள். எல்லை என்பது மனிதனை என்ன செய்யும் என்பதற்கு நம் மலையைப் போல் சாட்சி சொல்ல வேறு இடம் இல்லை.

தோட்டம் மலைக்கு மேலே, ஆள் மலைக்குக் கீழே, சந்தை இரண்டு பக்கமும். திருவிதாங்கூர் மகாராஜா காலத்திலிருந்து இதுதான் நடப்பு. மூணாறுத் தேயிலை டாப் ஸ்டேஷனிலிருந்து ரோப்வேயில் தொங்கிக் கொண்டு கோட்டகுடிக்கு இறங்கி, போடி வழியாகத்தான் கப்பலேறப் போனது. 1956 நவம்பர் 1இல் மொழிவாரி மாநிலங்கள் பிரிந்தன. தேவிகுளமும் பீர்மேடும் தமிழகத்தோடு சேர வேண்டும் என்று போராடினார்கள், அவை கேரளத்தோடு சேர்ந்தன. கோடு விழுந்தது. ஆனால் ஜீப் நிற்கவில்லை. விடியும் முன்பே போடியிலும் தேவாரத்திலும் கம்பத்திலும் பெண்கள் தூக்குச் சட்டியோடு ஜீப்பில் ஏறுகிறார்கள், காய் எடுத்து விட்டுப் பொழுது சாய இறங்குகிறார்கள். போடியில் ஏலம், புத்தடியில் ஏலம். இரண்டையும் நடத்துவது ஒரே ஸ்பைசஸ் போர்டு. மலையாளியின் காயைத் தமிழன் ஏலத்தில் எடுக்கிறான், தமிழனின் தோட்டத்தை மலையாளி பார்த்துக் கொள்கிறான்.

இப்படிப்பட்ட மலையில் 2011 டிசம்பரில் என்ன நடந்தது? முல்லைப் பெரியாறு அணையைச் சொல்லி வதந்தி பறந்தது. மலை மேல் தமிழ்த் தொழிலாளிகள் விரட்டப்பட்டார்கள். பெண்கள் கைக்குழந்தைகளோடு நடந்தே இறங்கினார்கள். கீழே மலையாளிகளின் கடைகள் தாக்கப்பட்டன. காய்கறி லாரிகள் நின்றன. ஆயிரக்கணக்கானோர் எல்லையை நோக்கித் திரண்டார்கள். ஒரே நாடு, ஒரே அரசியல் சட்டம், ஒரே ரூபாய் நோட்டு, ஒரே ஏலம். ஆனாலும் சில நாட்களில் அண்டை வீட்டான் விரோதி ஆகி விட்டான்! 2020இல் கொரோனா ஊரடங்கு வந்தபோது போடிமெட்டுச் சோதனைச் சாவடி இரு நாட்டு எல்லையைப் போல் மூடிக் கிடந்தது. மேலே தோட்டத்துக்கு ஆள் இல்லை, கீழே அடுப்பில் உலை இல்லை.

இதில் நமக்கு என்ன பாடம்? ஒன்றாகப் பிழைப்பதால் மட்டும் உறவு நிலைத்து விடாது. அந்த உறவைக் காக்க நியாயமான ஏற்பாடு வேண்டும். 2011 நெருப்பை அணைத்தது மேடைப் பேச்சு அல்ல. வழக்கு உச்ச நீதிமன்றத்தில் இருந்தது. 2014 மே மாதம் 142 அடி வரை நீர் தேக்கலாம் என்று தீர்ப்பு வந்தது. தீர்ப்பில் இரு தரப்புக்கும் மனக்குறை இருக்கலாம். ஆனால் முறையிட ஓர் இடம் இருந்தது. தெற்காசியாவில் முறையிட எந்த இடம் இருக்கிறது? வரப்பைப் பற்றிப் பேசக் கூடாது என்ற பஞ்சாயத்து மட்டும்தான் இருக்கிறது!

வியாபாரிகளே, நெஞ்சைத் தொட்டுச் சொல்லுங்கள்

நாம் விற்கும்போது எல்லை திறந்திருக்க வேண்டும். அடுத்தவன் விற்கும்போது அடைத்திருக்க வேண்டும். இதுதானே நம்மில் பலருடைய கொள்கை?

வியட்நாம் மிளகு இலங்கையில் இறங்கி, இலங்கை மிளகு என்ற சான்றிதழோடு வருகிறது என்று விவசாயிகள் குமுறினார்கள். 2017 டிசம்பரில், கிலோ 500 ரூபாய்க்குக் குறைவாக மிளகு இறக்குமதி செய்யக் கூடாது என்று அரசு உத்தரவு போட்டது. விவசாயியின் குமுறல் நியாயமானது. ஆனால் குற்றவாளி யார்? கண்டியில் அரை ஏக்கரில் மிளகுக் கொடி வளர்க்கும் ஏழையா? பொய்ச் சான்றிதழ் வாங்கிய வியாபாரியும், விலை மலிவு என்று தெரிந்தே வாங்கிய வியாபாரியும் அல்லவா? அளவிலும் நிறுவையிலும் மோசம் செய்கிறவனுக்கு மறுமையில் என்ன காத்திருக்கிறது என்பதை வெள்ளி மேடையில் கேட்டிருக்கிறீர்கள். விளைந்த ஊரை மாற்றிச் சொல்வதும் அந்த மோசடியில்தான் சேரும்.

உம்மத் என்ற பெயரில் சலுகை எதிர்பார்ப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. நம் காய்க்குப் பெரிய வாடிக்கை வளைகுடா. கஹ்வாவில் ஏலம் இல்லாமல் அரபிக்கு விருந்து இல்லை. ஆனால் பூச்சிமருந்து எச்சம் இருக்கிறது என்று நம் சரக்கை சவூதி அரேபியா திருப்பியதும் உண்டு. ஏலக்காயைத் தன் அடுப்பில் அதிகம் போட்டறியாத குவாத்தமாலா என்ற கிறிஸ்தவ நாடு அரபிகளின் சந்தையைப் பிடித்து வைத்திருக்கிறது. மார்க்கத்தைப் பார்த்து எவரும் காய் வாங்குவதில்லை. சுத்தத்தையும் சொல் சுத்தத்தையும் பார்த்துத்தான் வாங்குகிறார்கள்.

மேலும் கேட்கிறோம். 2019 ஆகஸ்டில் ஏலத்தில் கிலோ 7,000 ரூபாய் வரை போனதே, அந்தக் காயைத் தரம் பிரித்த பெண்ணின் கூலி எத்தனை ரூபாய் ஏறியது? தன் கடை வாசலில் உட்கார்ந்து காய் பொறுக்குகிறவளுக்கு நியாயம் செய்யாதவன், அண்டை நாட்டோடு நியாயம் பேச எந்த முகத்தோடு போவான்?

இளைஞர்களே!

"பாகிஸ்தானுக்குப் போ" என்று எவனாவது சொன்னால் நீங்கள் என்ன செய்கிறீர்கள்? கூனிக் குறுகுகிறீர்கள். அல்லது நீங்களும் அவனோடு சேர்ந்து பாகிஸ்தானை ஏசித் தேசபக்தியை நிரூபிக்கப் பார்க்கிறீர்கள். இரண்டும் வேண்டாம். இந்த மண் நம் பாட்டன் உழுத மண். இதை நிரூபிக்க அண்டை நாட்டு ஏழையைத் திட்ட வேண்டிய அவசியம் நமக்கு இல்லை. "நான் போக மாட்டேன். ஆனால் போய் வரவும், அவர்கள் இங்கே வந்து போகவும் வழி வேண்டும்" என்று நிமிர்ந்து சொல்லுங்கள்.

வழி என்பது புதிய கற்பனை அல்ல. 1950ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின்படி நேபாளியும் இந்தியரும் விசா இல்லாமல் போய் வருகிறார்கள். வானம் இடிந்து விட்டதா? 1914 முதல் சென்னையில் டிக்கெட் எடுத்தால் தனுஷ்கோடியில் கப்பல் மாறிக் கொழும்பு வரை போகலாம். 1964 டிசம்பர் புயல் அந்தத் தண்டவாளத்தை விழுங்கியது. அதே 1964 அக்டோபரில் டெல்லியில் சாஸ்திரியும் சிறிமாவோவும் உட்கார்ந்து, மலையகத் தமிழர்களில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று ஆடு மாடுகளைப் போல் எண்ணிப் பிரித்துக் கொண்டார்கள். அந்த மக்களை ஒரு வார்த்தை கேட்டார்களா? புயல் செய்த சேதத்தை விட அந்தக் கையெழுத்து செய்த சேதம் பெரிது.

நம்பிக்கைக்கும் இடம் இருக்கிறது. 2022இல் இலங்கை திவாலாகி, அரிசிக்கும் மருந்துக்கும் மக்கள் வரிசையில் நின்றார்கள். தமிழக அரசு முதலில் அங்குள்ள தமிழர்களுக்கு உதவி அனுப்பவே அனுமதி கேட்டது. 'தமிழருக்கு மட்டும் என்று பிரிக்காதீர்கள், எல்லோருக்கும் கொடுங்கள்' என்று அங்குள்ள தமிழர் தரப்பிலிருந்தே சொன்னார்கள். 40,000 டன் அரிசி, 500 டன் பால் மாவு, மருந்துகள் என்று அறிவிக்கப்பட்டு, மே மாதம் சென்னையிலிருந்து முதல் கப்பல் புறப்பட்டது. தமிழ்நாட்டு அரிசி சிங்களத் தாயின் பானையிலும் வெந்தது. அத்தனை இரத்தம் சிந்திய பிறகும் அந்தத் தமிழர்கள் சொன்ன அந்த ஒரு வார்த்தைக்கு, இத்தனை ஆண்டு மாநாட்டுத் தீர்மானங்கள் ஈடாகுமா?

தெற்காசிய அடையாளம் என்று எதையாவது சொல்வதானால் இதைத்தான் சொல்ல வேண்டும். பல சமூகங்களாக நாம் படைக்கப்பட்டிருப்பது ஒருவரை ஒருவர் அறிந்து கொள்வதற்கே என்று நம்புகிற சமுதாயம் நாம். தன் கூட்டம் அநியாயம் செய்தாலும் அதன் பின்னால் நிற்பவனை நபிகள் நாயகம் (ஸல்) கண்டித்தார்கள் என்று படித்த சமுதாயம் நாம். அப்படியானால் வங்கத்தில் இந்துவின் வீடு எரிந்தால் முதல் குரல் நம்முடையதாக இருக்க வேண்டும். பாகிஸ்தானில் கிறிஸ்தவனின் தேவாலயம் தாக்கப்பட்டால் முதல் கண்டனம் நம் ஜமாஅத்திலிருந்து வர வேண்டும். அங்கே சிறுபான்மைக்கு நீதி கேட்காத நாவால் இங்கே சிறுபான்மைக்கு நீதி கேட்க முடியாது.

எனவே சகோதரர்களே, உங்கள் தொகுதிக்கு ஓட்டுக் கேட்டு வருகிறவரிடம் சாலையும் குடிநீரும் மட்டும் கேட்காதீர்கள். "சார்க் மாநாடு மறுபடி கூட உங்கள் கட்சி என்ன செய்யும்? முகாமில் இருக்கும் இலங்கைத் தமிழருக்குக் குடியுரிமை கேட்டு நாடாளுமன்றத்தில் எழுந்து நிற்பீர்களா?" என்று கேளுங்கள். சங்கக் கூட்டத்தில் வியாபாரிகள் பொய்ச் சான்றிதழ் சரக்கைத் தொட மாட்டோம் என்று தீர்மானம் போடுங்கள். மலையில் அடுத்த வதந்தி பறக்கும்போது, அதை இன்னொருவருக்கு அனுப்பும் முன் மேலே தோட்டத்தில் இருக்கும் மலையாளி நண்பருக்கு ஒரு போன் போட்டு விசாரியுங்கள்.

அரசுகள் வாசலை அடைக்கலாம். அண்டை வீட்டானிடம் நியாயமாக நடக்கக் கூடாது என்று எந்த அரசும் உத்தரவு போட முடியாது. வல்ல இறைவன் நம்மிடம் கேட்கப் போவதும் அதைத்தான்.